பங்கு எடுக்க வந்தவர்

இத்தனை வருஷம் படம் ஓட்டினீங்களே, உங்களுக்குப் பிடித்த படம் எதுப்பா என்று நீங்கள் இரண்டு பேரும் சின்ன வயதில் கேட்பீர்கள். நான் வாய்க்கு வந்த ஒரு பெயரைச் சொல்லித் தப்பித்துக்கொள்வேன். நான் வேலை பார்த்த தியேட்டரை இடித்துவிட்டுக் கல்யாண மண்டபம் கட்ட ஆரம்பித்திருக்கிறார்கள். அதைப் பார்த்துவிட்டு வந்த அன்று சின்னவள் மறுபடியும் அதே கேள்வியைக் கேட்டாள். இந்தத் தடவை எழுதியே கொடுத்துவிடுகிறேன்.

எனக்குப் பிடித்த படத்தை நீங்கள் பார்க்க முடியாது. காஞ்சிபுரத்தில் அது ஒரே ஒரு காலையில், ஒரே ஒரு தெருக்காரர்களுக்கு மட்டும் ஓடியது. ஓட்டியவன் நான். அந்தப் படத்துக்குச் சத்தம் பிடித்தவனும் நான்தான். அதை நினைத்தால் எனக்கு இன்றைக்கும் மனசு ஆறுவதில்லை. ஏன் என்று நீங்கள் தெரிந்துகொள்ள வேண்டும்.

நான் எட்டாவதோடு நின்றவன். தாமல் ஏரித் தண்ணீரை நம்பி இருந்த குடும்பம் எங்களுடையது. ஏரி ஏமாற்றிய ஒரு வருஷம் அப்பா என்னைக் காஞ்சிபுரத்துக்கு அனுப்பினார். தியேட்டரில் டிக்கெட் கிழிக்கிற வேலை கிடைத்தது. பிறகு மேலே மிஷின் ரூமுக்குப் போய், பரீட்சை எழுதி, ஆபரேட்டர் லைசென்ஸ் வாங்கினேன். அதைப் பற்றிச் சொல்ல வேறொன்றும் இல்லை.

மிஷின் ரூமில் தலைமை ஆபரேட்டர் ஒரு நாயுடு. குரலை உயர்த்திப் பேசி நான் கேட்டதில்லை. மிஷினை 'அது' என்று சொல்ல மாட்டார். "அவரு இன்னிக்குக் கொஞ்சம் சூடா இருக்காரு" என்பார். ஒரு ரீல் முடிந்து அடுத்த ரீலுக்கு மாற்ற வேண்டிய சமயத்தில் திரையின் வலது மூலையில் ஒரு புள்ளி வரும். முதல் புள்ளிக்கு அடுத்த மிஷினின் மோட்டாரைப் போட வேண்டும், இரண்டாவது புள்ளிக்கு வெளிச்சத்தை மாற்ற வேண்டும். எல்லா ஆபரேட்டரும் அந்தப் புள்ளியைக் கண் கொட்டாமல் பார்த்துக்கொண்டு நிற்பார்கள். நாயுடு திரும்பி நின்று வெற்றிலை போட்டுக்கொண்டிருப்பார். பல்சக்கரத்தில் படச்சுருள் ஓடும் சத்தம் ரீல் தீரும்போது லேசாக மாறும். அதைக் கேட்டே கையை வைப்பார். என்னையும் அப்படித்தான் பழக்கினார். ஆறு மாதத்தில் எனக்குக் காது திறந்துகொண்டது. அந்தக் காதால்தான், தன் படத்துக்குச் சத்தம் பிடிக்க ஆள் தேடிக்கொண்டிருந்த தணிகாசலம் சார் என்னிடம் வந்து சேர்ந்தார்.

தணிகாசலம் சார் பர்மாவில் பிறந்தவர். அங்கே இருந்த தமிழ்க்காரர்கள் எல்லாவற்றையும் விட்டுவிட்டுக் கப்பலேறிய காலத்தில், அப்பாவை அந்த மண்ணிலேயே புதைத்துவிட்டு, அம்மாவோடு மெட்ராஸ் வந்தார். விளம்பரப் படம் எடுக்கிற ஒரு கம்பெனியில் வேலை. ஞாயிற்றுக்கிழமைகளில் அவர்களுடைய சின்ன காமிராவை இரவல் வாங்கிக்கொள்வார். கம்பெனியில் எடுத்தது போக மிஞ்சுகிற துண்டுச் சுருள்களைச் சேர்த்து வைத்து, அதில் தன் படத்தை எடுத்தார்.

அவருடைய அம்மா பெயர் தையல்நாயகி. சின்ன காஞ்சிபுரத்தில் ஒரு தறிக்காரர் தெருவில் பிறந்தவர். கல்யாணமாகி ரங்கூன் போனவர், முப்பது வருஷம் கழித்துத்தான் இந்தப் பக்கம் கப்பலேறினார். சார் அந்தத் தெருவைப் பார்த்தது கிடையாது. ஆனால் அம்மா சொல்லிச் சொல்லி அவருக்கு அது மனப்பாடம். எந்த வீட்டுப் படி உடைந்திருக்கும், எந்தக் கிணற்றுத் தண்ணீர் உப்பு, யார் வீட்டுத் தறி முதலில் எழுந்திருக்கும் என்று சொல்லுவார்.

முதலில் எனக்கு ஒன்றும் புரியவில்லை. கதை என்ன சார் என்று கேட்டேன். கதை இல்லை என்றார். நடிக்கிறவர்கள் யார் என்றேன். யாரும் இல்லை என்றார். அம்மாவின் பேச்சை மெட்ராஸ் வீட்டில் உட்கார வைத்து டேப்பில் பிடித்திருந்தார். 'முனையில ஒரு மகிழமரம். காலைல அதுக்கடியில நடந்தா கால்ல பூ ஒட்டிக்கும்' என்று அந்தக் குரல் சொல்லும். நாங்கள் அந்த முனைக்குப் போவோம். அங்கே சைக்கிள் கடை இருக்கும். காற்றடிக்கிற பம்பும் பழைய டயர்களும் இருக்கும். அதை அப்படியே எடுப்பார். சுருள் தீருகிற வரை காமிராவை அசைக்க மாட்டார். அம்மா குரல் மகிழமரத்தைச் சொல்லும், படம் டயரைக் காட்டும். பார்க்கிறவன் மனசில் பூ விழ வேண்டும், அதை நான் காட்டிவிட்டால் விழாது என்பார். எனக்குச் சிரிப்புத்தான் வந்தது. பிறகு ஒரு நாள் மெட்ராஸில் அந்தத் துண்டை ஓட்டிப் பார்த்தபோது, டயருக்குக் கீழே தரையில் என் கண் பூவைத் தேடியது. அன்றிலிருந்து நான் அவரோடு முழு மனசாக இருந்தேன்.

காமிரா ஓடினால் தையல் மிஷின் மாதிரி சத்தம் போடும். அதன் மேல் ஒரு ரஜாய்ப் போர்வையைச் சுற்றிப் பிடிப்போம். சத்தம் தனியாக என் தோளில் தொங்குகிற டேப் ரிக்கார்டரில் ஏறும். இரண்டையும் பிற்பாடு பொருத்துவதற்காக, காமிரா ஓட ஆரம்பித்ததும் நான் அதற்கு எதிரே போய் ஒரு தரம் கை தட்டுவேன். சார் 'போதும்' என்று சொல்லும் வரை நான் டேப்பை நிறுத்தக் கூடாது. காமிரா நின்றாலும் டேப் ஓட வேண்டும். தெருவுக்கு வாய் மூடாது என்பார்.

அந்தத் தெருவில் அவருடைய தாய்மாமன் சபாபதி இருந்தார். தையலம்மாவின் கூடப் பிறந்த ஒரே தம்பி. அப்பா கட்டிய வீட்டில் இரண்டு தறி போட்டிருந்தார். நல்ல மனிதர், வாய் நிறைய வெற்றிலையும் சிரிப்புமாக இருப்பார். முதல் தடவை போனபோதே "வா மாப்ள" என்று சாரைக் கட்டிக்கொண்டார். சாப்பிடாமல் அனுப்ப மாட்டார். "பர்மாவுல புலி கூட சினிமா பாக்குமாமே, நெசமா மாப்ள?" என்று கேட்டுத் தெருவையே சிரிக்க வைப்பார். அக்காவைப் பார்க்க மெட்ராஸ் வருகிறேன் வருகிறேன் என்று ஒவ்வொரு தடவையும் சொல்வார். தறியை விட்டு வர முடியவில்லை என்பார்.

சாருக்கு வேண்டியதெல்லாம் ஒன்றுதான். அம்மாவைக் கூட்டி வர வேண்டும். அவர் பிறந்த வீட்டு வாசலில் அவர் கூடப் பிறந்தவன் அவரை உள்ளே கூப்பிட வேண்டும். அதோடு படம் முடியும். கப்பல் இறங்கியபோது மெட்ராஸ் துறைமுகத்தில் ஒருத்தர் அம்மாவிடம் சொந்த ஊர் எது என்று கேட்டாராம். காஞ்சிபுரம் என்று அம்மா சொன்னாராம். அங்கே உங்களைத் தெரிந்தவர் யார் என்று அடுத்த கேள்வி. அம்மா பதில் சொல்லாமல் நின்றாராம். அந்தக் கேள்விக்குப் பதிலாகத்தான் சார் இந்தப் படத்தை எடுத்துக்கொண்டிருந்தார்.

ஒரு ஞாயிறு காலை. தெரு நெடுக ஒரு பாவு இழுத்துக் கட்டியிருந்தார்கள். சேலையில் நீளவாக்கில் ஓடுகிற பட்டு நூல்தான் பாவு. தறியில் ஏற்றுவதற்கு முன்னால் அதை வெளியில் நீட்டி, அறுந்த இழைகளைச் சேர்த்துச் சரிபார்ப்பார்கள். நாங்கள் காமிராவை வைத்துக்கொண்டிருந்தபோது திடீரென்று மழை பிடித்துக்கொண்டது. அந்தத் தெருவில் ஒரு வழக்கம் உண்டு. மழை வந்தால் யார் வீட்டுப் பாவு என்று பார்க்க மாட்டார்கள். சோற்றில் கை வைத்தவன்கூட எழுந்து ஓடிவந்து ஒரு கை பிடிப்பான். அன்றைக்கும் எல்லா வாசலிலிருந்தும் ஆட்கள் ஓடி வந்தார்கள். சாரும் ஓடினார். ஈரத்தில் பட்டைச் சுருட்டிக்கொண்டு, முன்னே பின்னே தெரியாத ஆட்களோடு தோளோடு தோளாகப் பக்கத்து வீட்டுக்குள் நுழைந்தார். யாரும் அவரை நீ யார் என்று கேட்கவில்லை. "இழுக்காதடா, தூக்கிப் புடி" என்று ஒரு கிழவர் அவரை அதட்டியதுதான் கேட்டது. நான் ரஜாயைக் காமிராவின் மேல் போர்த்திக்கொண்டு அதை நிற்காமல் ஓடவிட்டேன்.

மழை விட்டதும் சார் முகத்தைப் பார்க்க வேண்டுமே. மாமா வீட்டு வாசலில் நனைந்த சட்டையோடு நின்றார். தெருக்காரர்கள் சுற்றிலும் நின்றிருந்தார்கள். அந்தச் சந்தோஷத்தில் அவர் வாயிலிருந்து வந்தது இது:

"மாமா, இந்த வீட்டிலே எங்க அம்மாவுக்கும் ஒரு பங்கு இருக்கிறது. அதைத்தான் நான் எடுக்க வந்திருக்கிறேன்."

அவர் தமிழ் அப்படித்தான் இருக்கும். ரங்கூனில் புத்தகம் படித்தும் அம்மாவிடம் கேட்டும் கற்றுக்கொண்ட தமிழ். அந்த வீட்டுக் கதையில் அம்மாவுக்கும் ஓர் இடம் உண்டு, அதைப் படமாக எடுக்க வந்தேன் என்று அர்த்தம். நம் ஊரில் வீடு என்ற சொல்லுக்குப் பக்கத்தில் பங்கு என்று சொன்னால் ஒரே அர்த்தம்தான். எடுக்க என்றால் காமிரா யார் நினைவுக்கும் வராது.

சபாபதி வாயில் இருந்த வெற்றிலையைத் துப்பவும் இல்லை, மெல்லவும் இல்லை. சுற்றி நின்றவர்களில் ஒருத்தர் மெல்ல, "அப்பிடிப் போடு" என்றார். இரண்டு பேர் சிரித்தார்கள். "உள்ள வந்து தலய தொவட்டுங்க சார்" என்றார் சபாபதி. அன்றோடு மாப்ள போனது. சார் வந்தது.

சார் அதைக் கவனிக்கவே இல்லை. பஸ்ஸில் நான்தான் சொன்னேன். அடுத்த வாரமே போய் விளக்கிச் சொன்னார், சத்தியம்கூடச் செய்தார். சபாபதி தலையை ஆட்டிக் கேட்டுக்கொண்டார். அதற்குள் அவர் ஒரு வக்கீல் குமாஸ்தாவைப் பார்த்துவிட்டு வந்திருந்தார். உங்க அப்பா உயில் எழுதாமல் போயிருக்கிறார், இப்போது சட்டப்படி பெண்ணுக்கும் பங்கு உண்டு, அந்த அம்மாவை அக்கா என்று படத்தில் ஒப்புக்கொண்டால் அதுவே சாட்சி என்று குமாஸ்தா சொல்லியிருக்கிறார். இவ்வளவு நாளாகக் காமிராவை வைத்துக்கொண்டு வாசலையும் சுவரையும் எதற்குப் பிடிக்கிறார்கள் என்று நினைத்தீர்கள், அளவு எடுக்கிறார்கள் என்றும் சொன்னாராம். இதெல்லாம் எங்களுக்குப் பிற்பாடு தெரிந்தது.

ஆனாலும் அம்மாவைக் கூட்டிவரச் சொல்லி அவரே நாள் சொன்னார். அமாவாசை. அன்று தறி ஓடாது, தெரு அமைதியாக இருக்கும். மாமா பழையதை மறந்துவிட்டார் என்றே சார் நம்பினார்.

தையலம்மா காலை பஸ்ஸில் வந்து இறங்கினார். தம்பி வீட்டுக்கு வெறும் கையோடு போகலாமா என்று ஒரு துணிப்பையில் வாழைப்பழமும் வெற்றிலை பாக்கும் கதம்பமும் வைத்திருந்தார். சைக்கிள் கடை முனையில் சற்று நின்றார். யாரிடமும் வழி கேட்கவில்லை. சார் எதிர் வாசலில் காமிராவோடு காத்திருந்தார். நான் கை தட்டிவிட்டு ஓரமாக ஒதுங்கி மைக்கைப் பிடித்தேன். அம்மா நடந்து வந்து படியில் பையை வைத்தார். உள்ளேயிருந்து சபாபதி வந்து நிலையைப் பிடித்துக்கொண்டு நின்றார். என் பக்கம் ஒரு பார்வை, காமிரா பக்கம் ஒரு பார்வை பார்த்தார்.

"யாரும்மா நீங்க? யார் ஊட்டுக்கு வந்தீங்க?"

தெருவில் எத்தனையோ பேர் நின்றிருந்தார்கள். ஒருத்தரும் வாய் திறக்கவில்லை. அம்மா தம்பி முகத்தைக் கொஞ்ச நேரம் பார்த்தார். பிறகு மெதுவாகச் சொன்னார்:

"வழி தப்பி வந்துட்டேம்பா. வெயிலா இருக்குது. கொஞ்சம் தண்ணி குடு."

சபாபதி உள்ளே போய்ச் சொம்பில் தண்ணீர் கொண்டுவந்து கொடுத்தார். அம்மா அண்ணாந்து குடித்தார், சொம்பைப் படியில் வைத்தார், திரும்பி நடந்தார். பை அங்கேயே இருந்தது. சார் அம்மா பின்னால் காமிராவைத் திருப்பவில்லை. வாசலையும் பையையும் சொம்பையும் விட்டு அது நகரவில்லை. நான்தான் மைக்கை அம்மா போன திசைக்குத் திருப்பினேன். செருப்புச் சத்தம் தெரு முனை வரைக்கும் டேப்பில் ஏறியது. பிறகு ஒரு காக்கை. பிறகு சைக்கிள் கடையில் பம்பு அடிக்கிற சத்தம். சார் 'போதும்' என்று சொல்லவே இல்லை. டேப் தீர்ந்து தானாக நின்றது.

அந்த இடத்தோடுதான் சார் படத்தை முடித்தார். மெட்ராஸில் ஒரு சின்ன ஹாலில், படித்தவர்கள் கொஞ்சம் பேருக்குப் போட்டுக் காட்டினார். எழுந்து நின்று கை தட்டினார்கள். ஒருத்தர் வந்து, அம்மாவாக நடித்தவர் பிரமாதம், அந்தத் தண்ணி கேட்கிற வசனத்தை யார் எழுதியது என்று கேட்டார். சார் கும்பிட்டார். அந்தக் கும்பிடு எனக்கு இன்னும் கண்ணில் நிற்கிறது.

தெருக்காரர்கள் பார்க்க வேண்டும் என்று சார் பிடிவாதமாக இருந்தார். நாயுடு, தியேட்டர் முதலாளியிடம் பேசி ஒரு காலை தியேட்டரை வாங்கிக் கொடுத்தார். அந்தச் சுருளுக்கு ஏற்ற சின்ன மிஷினை வாடகைக்கு எடுத்து ஹால் நடுவில் வைத்து ஓட்டினேன். மழையில் பாவு தூக்குகிற இடம் வந்தபோது, "தோ நம்ம குப்பன்", "தோ பாரு எங்கப்பா" என்று ஒரே கலகலப்பு. கடைசிக் காட்சி வந்தபோது மிஷின் சத்தம் தவிர ஒன்றும் இல்லை. விளக்குப் போட்டதும் எல்லாரும் செருப்பைத் தேடினார்கள். பாட்டே இல்லாமல் என்ன படம் என்று ஒருத்தர் கேட்டுக்கொண்டு போனார்.

சபாபதி பின்வரிசையில் உட்கார்ந்திருந்தார். வழக்கு எதுவும் வரவில்லை, வரவும் போவதில்லை என்று அவருக்கு அதற்குள் தெரிந்திருந்தது. நேராக என்னிடம் வந்தார்.

"ஆபரேட்டரே, நான் கூப்ட்டது எங்கபா?"

எனக்குப் புரியவில்லை.

"அவங்க முனைக்குப் போறப்ப அக்கா அக்கான்னு கூப்ட்டேன்ல. அத வெட்டிட்டீங்களா?"

நான் சாரைப் பார்த்தேன். சார் சுருளைப் பெட்டியில் வைத்துக்கொண்டிருந்தார். நிமிராமலே சொன்னார்: "எதையும் வெட்டவில்லை மாமா. ஏறியது அவ்வளவுதான்."

"நான் கூப்ட்டேன்" என்றார் சபாபதி. அழுதார். பொய் சொல்கிறவன் முகம் எனக்குத் தெரியும். அது பொய் சொல்கிற முகமாக இல்லை. அதுதான் எனக்கு ஆத்திரமாக வந்தது. நான் கூப்பிட்டேன் என்று அவர் நிஜமாகவே நம்ப ஆரம்பித்துவிட்டார்.

பிறகு தெருவில் அதே பேச்சு. சபாபதி கூப்பிட்டான், அந்த அம்மாவுக்குக் காது கேட்கவில்லை, மெட்ராஸ்காரன் படத்துக்காக அதை வெட்டிவிட்டான் என்று. அன்றைக்கு வாய் திறக்காமல் நின்றவர்களே நானும் கேட்டேன் என்றார்கள். சினிமா ஆள்கள் என்னதான் செய்ய மாட்டார்கள் என்று என் காதுபடப் பேசினார்கள். டேப் என் வீட்டில்தான் இருந்தது. கேட்டுப் பாருங்கள் என்று ஒருத்தரைக்கூட நான் கூப்பிடவில்லை. கூப்பிட்டாலும் வந்திருக்க மாட்டார்கள்.

பேச்சு மெட்ராஸ் வரைக்கும் போய்ச் சேர்ந்தது. நான் ஒரு நாள் சார் வீட்டுக்குப் போயிருந்தபோது தையலம்மா முட்டிக்குத் தைலம் தேய்த்துக்கொண்டு உட்கார்ந்திருந்தார். சார் பக்கத்தில் பேப்பர் படித்துக்கொண்டிருந்தார்.

"ஏகாம்பரம், நீதான மிசின் புடிச்சிக்கினு இருந்த. என் தம்பி என்னைக் கூப்ட்டானாமே. ஒனக்குக் கேட்டுச்சா?"

சார் கையில் பேப்பர் அசையவில்லை. நான் அம்மாவைப் பார்த்தேன்.

"கேட்டுச்சும்மா."

"எப்பிடிக் கூப்ட்டான்?"

"அக்கான்னுதாம்மா."

அம்மா கொஞ்சம் யோசித்தார். "சின்னதுல அவன் என்ன அக்கான்னே கூப்ட மாட்டான். ஏய் தையலுன்னுதான். எங்கம்மா எத்தினி அடி அடிச்சாலும் கேக்க மாட்டான்" என்று சிரித்தார். "வயசாச்சு இல்ல. மரியாத வந்துட்டிருக்கும்." அதற்குப் பிறகு பக்கத்து வீட்டுப் பெண்ணைக் கூப்பிட்டு, என் தம்பி என்னைக் கூப்பிட்டானாம், எனக்குத்தான் காது கேக்கலை என்று சொல்ல ஆரம்பித்தார்.

சார் என்னைப் பஸ் ஏற்றிவிட வந்தார். பஸ் கிளம்புகிற சமயம் ஜன்னல் பக்கத்தில் வந்து, இந்தப் படத்தை இனி யாருக்கும் போட மாட்டேன் என்றார். நான் வாதாடினேன். இரண்டு வருஷம் இரவல் காமிராவில் எடுத்தது, நடந்ததை நடந்தபடி காட்டுவது அது ஒன்றுதான், அதையும் மூடி வைத்தால் அந்தத் தெரு சொல்வதுதான் நிற்கும் என்றேன். "அம்மாவுக்கு இப்போது ஒரு ஊர் இருக்கிறது ஏகாம்பரம். என் படம் ஓடினால் அது இருக்காது" என்றார்.

அப்படியே செய்தார். வெளியூர்களிலிருந்து கேட்டார்கள், படம் கெட்டுவிட்டது என்று சொல்லிவிட்டார். அப்புறம் அவர் படமே எடுக்கவில்லை. அதே கம்பெனியில் சோப்புக்கும் பற்பசைக்கும் விளம்பரம் எடுத்துக்கொண்டு காலத்தை ஓட்டினார். அவர் கையில் இருந்ததை நான் பார்த்தவன் என்பதால் சொல்கிறேன், அது ஒரு பெரிய நஷ்டம். சபாபதி வீட்டில் மூன்றாவது தறி வந்தது. அவர் மேல் எனக்கு இருந்த கோபத்தைவிட, கேட்டேன் என்று சொன்ன தெருக்காரர்கள் மேல் எனக்குக் கோபம் அதிகம். இதை எழுதும்போதும் அது குறையவில்லை.

தையலம்மா தவறிப்போன செய்தி கேட்டு நான் மெட்ராஸ் போனேன். பிறந்த வீட்டிலிருந்து கோடிச் சேலை வராமல் உடலை எடுக்கக் கூடாது என்று காத்திருந்தார்கள். சபாபதி மதிய பஸ்ஸில் வந்தார். தன் தறியில் நெய்த அரக்குப் பட்டு ஒன்றைக் கொண்டுவந்திருந்தார். தம்பி என்றால் இப்படி இருக்க வேண்டும் என்று வந்தவர்கள் பேசிக்கொண்டார்கள். சார் எழுந்து வழி விட்டார். சபாபதி அந்தச் சேலையை அக்கா மேல் போர்த்தி, ஓரத்தை இழுத்துச் சரி செய்தார். பிறகு குனிந்து காதுக்குப் பக்கத்தில் வாயை வைத்தார். தலைமாட்டில் நின்றிருந்த எனக்கு மட்டும்தான் கேட்டிருக்கும்.

"ஏய் தையலு" என்றார்.

கேட்டுச்சும்மா என்று நான் சொன்ன அந்தக் குரல் எப்படி இருக்கும் என்று அன்றைக்குத்தான் எனக்குத் தெரிந்தது.